இடித்து

கோப்பு என் திரைக்கு வந்தபோது
ரோஸ்னா பிந்தி காசிம் வீடு திரும்பிப்
பதினோரு நாளாகியிருந்தது.

வயது நாற்பத்தாறு.
மார்சிலிங் உணவங்காடியில்
மீ சோத்தோ கடை உதவியாளர்.
இடது முன்கை: வெந்த புண், இரண்டாம் நிலை.
வலது மணிக்கட்டு: எலும்பு முறிவு.

இதுவரை எளிது.
உடம்பின் எல்லா மூலைக்கும் நூலில் ஓர் எண் உண்டு,
பதினான்கு வருடப் பழக்கம்,
விரல்கள் என்னைக் கேட்பதில்லை.

அடுத்த கட்டம்தான்.
எதனால்?

மருத்துவர் எழுதியிருக்கிறார்: சூப் கொட்டியது.
தாதி: வேலையிடத்தில் வழுக்கி விழுந்தார்.
ஆம்புலன்ஸ் தாளில், மழை பட்டுக் கரைந்த மையில்:
"கள்ள சிகரெட் விற்றவனைத் துரத்திவந்த போலீஸ்காரர்
தோளில் இடித்து"

அவ்வளவுதான். முற்றுப்புள்ளிகூட இல்லை.
வேறு அழைப்பு வந்திருக்கும், ஓடியிருப்பார்கள்.

இடித்து.
உயர்நிலை இரண்டில் படித்த வினையெச்சம்.
எச்சத்தை முடிக்கும் வினையைத் தேடி
இரண்டாம் அடித்தளத்தில், ஜன்னலில்லாத அறையில்,
நான்.

எக்ஸ் பத்து என்று போடலாம்:
சூடான உணவு, பானம்.
குற்றம் சூப்பினுடையது.
ஒய் முப்பத்தைந்து என்றும் போடலாம்:
சட்டத்தின் தலையீடு.
அதன் கீழே துப்பாக்கி இருக்கிறது, புகை இருக்கிறது,
தடி இருக்கிறது.
மீ சோத்தோ இல்லை.

பயிற்சியின்போது அமெரிக்கப் பதிப்பொன்றைக் காட்டினார்கள்.
அங்கே கடைசி இலக்கம் ஆளைச் சொல்லும்.
ஒன்று, காவலர்.
மூன்று, சந்தேக நபர்.
நடுவில் இரண்டு: பக்கத்தில் நின்றிருந்தவர்.
அந்த இரண்டு எனக்குப் பிடித்திருந்தது.
யாருடைய ஓட்டத்திலும் சேராமல்
கையில் தட்டோடு ஒரு எண்.
எங்கள் நூலில் அவருக்கு இலக்கம் இல்லை.

அதே நாள், அதே அங்காடி, இன்னும் இரண்டு கோப்புகள்.
காவலருக்கு முழங்கால் சுளுக்கு.
பத்தொன்பது வயதுப் பையனுக்குத் தாடையில் சிராய்ப்பு.
பக்கத்து மேசை சியூ பெங்
இரண்டையும் ஏழு நிமிடத்தில் முடித்துவிட்டு
என் திரையை எட்டிப் பார்த்தாள்.
"சூப்பைப் போடு லா. மாதக் கடைசி."

மருத்துவருக்குக் கேள்வி அனுப்பினேன்:
காரணத்தைத் தெளிவுபடுத்தவும்.
இரண்டு நாள் கழித்து ஒற்றை வரி:
சிகிச்சை மாறப்போவதில்லையே?

உண்மைதான்.
எந்த எண்ணைப் போட்டாலும்
தோல் அதே வேகத்தில்தான் வளரும்.

மறுபடி முதலிலிருந்து படித்தேன்.
இரவுத் தாதியின் குறிப்பு, மூன்று மணி பத்து:
"நோயாளி தூங்கவில்லை. வலி, பத்துக்கு ஆறு.
கீழே விழுந்த போலீஸ் தம்பிக்கு அடி பலமா என்றார்.
உடைந்த கிண்ணத்துக்குச் சம்பளத்தில் பிடிப்பார்களா
என்றும் கேட்டார்.
வலி மாத்திரை கொடுக்கப்பட்டது."

கேள்வி இரண்டு. பதில் மாத்திரை.
இரவுத் தாதியைக் குறை சொல்லவில்லை,
அவரிடமும் வேறென்ன இருந்திருக்கும்,
மூன்று மணிக்கு?

ஒய் முப்பத்தைந்தை முதலில் போட்டேன்.
அதற்குப் பிறகு சூப்பை.
கணினி சிவப்பில் கேட்டது:
இந்தக் காரணம் இந்தக் காயத்தோடு
வழக்கமாக வருவதில்லை. உறுதியா?
உறுதி.
தணிக்கையில் யாராவது மாற்றிவிடலாம்.
மாற்றினால் எனக்குச் சொல்லமாட்டார்கள்.

கோப்பை மூடிவிட்டுச் சாப்பிடப் போனேன்.
மேலே உணவகத்தில் மீன் சூப் வாங்கி
மேசை தேடிக்கொண்டிருந்தபோது
பின்னால் ஓடிவரும் காலடிச் சத்தம்.

திரும்பவில்லை.
தட்டை இரண்டு கையாலும் இறுகப் பற்றித்
தூணோடு ஒட்டிக்கொண்டேன்.

லிஃப்டைப் பிடிக்க ஓடும் பயிற்சி மருத்துவர்.
"சாரி சாரி" என்றபடி கடந்து போனார்.

சூப் விளிம்புவரை தளும்பி
மெல்ல அடங்கியது.