கயிற்றின் கனம்

உம்மன்னாக், மார்ச் மாதம். உறைந்த கடல்மேல்
எண்ணூறு மீட்டர் கயிற்றைச் சுருட்டிய வின்ச்
பாதியில் முனகி நின்றது.
பிபாலுக் கையுறையைக் கழற்றிக் கயிற்றைத் தொட்டாள்.
ஹாலிபட் என்றால் உதறும்.
இது உதறவில்லை, கனத்தது.

பனித்துளையை அடைத்துக்கொண்டு
ஒரு சாம்பல் மூக்கு.
சுறா.
பாயைச் சுருட்டிக்கொண்டு தூங்குகிறவனைப் போல
கயிற்றைத் தானே சுற்றிக்கொண்டிருந்தது.
கண்ணிலிருந்து தொங்கியது ஒரு வெளிறிய ஒட்டுண்ணி,
பார்வையைத் தின்று வளர்ந்தது.
வெளிச்சமே எட்டாத ஆழத்தில்
அது பெரிய நட்டமில்லை போலும்.

"முந்நூறு வயசிருக்கும்" என்றான் கொழுந்தன் தொபியாசி.
"அறுபத்திரண்டு முள் போச்சு" என்றாள்.

மூத்திர வாடை.
அந்தக் கறியைத் தின்ற நாய்
குடிகாரனாய்த் தள்ளாடும்.
தெரிந்தேதான் வாலாட்டின எல்லாம்.

கத்தியை எடுத்தாள்,
கயிற்றை அறுத்தாள்.
இரக்கம் என்று சொல்லிவிடாதீர்கள்,
இருட்டுவதற்குள் இன்னொரு துளை வெட்டியாக வேண்டும்.

அது உடனே போகவில்லை.
வாய் நிறைய அவள் முட்களோடு
கொஞ்ச நேரம் அங்கேயே நின்றது.
பிறகு
அவசரம் என்ற சொல்லையே கேட்டிராத ஒன்று
எப்படி இறங்குமோ
அப்படி.

தொபியாசி இன்னும் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தான்.
"பிளாஸ்கில் காப்பி இருக்கா?" என்றாள்.