புள்ளிக்குப் பின்னால்

ஹைகிரவுண்டு ஆஸ்பத்திரியில்
எலும்பு முறிவு வார்டுக்கும் கேண்டீனுக்கும் நடுவே
ஜன்னல் இல்லாத அறை என்னுடையது.
இங்கே வந்துசேர்வதற்குள்
நோய்க்கு முகம் போய்விடும்.
ஓர் எழுத்தும் சில இலக்கங்களும் மிஞ்சும்.

எஃப் எண்பத்தொன்று. அதன்பின் ஒரு புள்ளி.
புள்ளிக்குப் பின்னால் பூஜ்யம் வந்தால்
வாசிப்பு வராத பிள்ளை.
ஒன்று, எழுத்துக்கூட்டல்.
இரண்டு, கணக்கு.
மூன்று என்றால் எல்லாம் கலந்து.
ஒன்பது, இன்னதென்று சொல்லப்படாதது.
டாக்டருக்கு அவசரமிருக்கிற நாட்களில்
ஒன்பதுகள் கூடும்.

விசைப்பலகையின் வலது ஓரத்தில்
பூஜ்யத்தின் தலைமேல் உட்கார்ந்திருக்கிறது இரண்டு.
பதினோரு வருஷமாக
இதை நான் கவனித்ததில்லை.

முக்கூடலிலிருந்து வந்தார்கள்.
சொரிமுத்து, பத்தாம் வகுப்பு.
அவன் அம்மா பிரம்மசக்தி
சுளகை வீட்டில் சாத்தி வைத்துவிட்டு வந்திருந்தாள்.
அன்றைக்கு எழுநூறு பீடி நஷ்டம்.

"எக்கா, ஸ்கூல்ல திருப்பி விட்டுட்டாவ.
கணக்குப் பரிட்சைக்கு கால்குலேட்டர் தாரோம்,
மத்ததுக்கு வாசிச்சு எழுத ஆள் கிடையாதுன்னுட்டாவ.
இவன் கணக்குல ஒரு கொறையும் இல்லக்கா.
இருவத்தஞ்சு பீடி ஒரு கட்டு,
வாரக் கூலியில பி.எஃப். கழிச்சு
கடைக்காரர் வாயத் தொறக்கதுக்கு முந்தி இவன் சொல்லிருவான்.
புஸ்தகத்தத் தொறந்தாத்தான்…"
மீதியைச் சொல்லவில்லை.

சான்றிதழை வாங்கிப் பார்த்தேன்.
வட்ட முத்திரை, நீள முத்திரை, பச்சை மை.
எல்லாம் சரியாகத்தான் இருந்தது.
"போர்டுல டாக்டர்மார் பாத்துப் போட்டதும்மா"
என்றேன்,
இந்த அறையில் எல்லாரும் சொல்லும் குரலில்.

அதுவரை ஃபேனைப் பார்த்துக்கொண்டிருந்தவன்
சட்டைப் பையிலிருந்து ஒரு சீட்டை எடுத்தான்.
எட்டாக மடித்தது, வேர்வையில் நைந்தது.
டாக்டரின் கையெழுத்து.
எனக்கே வாசிக்கக் கொஞ்ச நேரம் பிடிக்கும்.
இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து
விரலை ஊன்றினான்.
"இதுல சைபர் இருக்கு.
இதுல ரெண்டு."

அடுத்த மேஜை லீலாவதி சிரிப்பை அடக்கினாள்.
எனக்குக் காது சுட்டது.

திருத்தத்துக்கு ஒரு படிவம் உண்டு.
காரணம் என்ற கட்டத்தை அழுத்தினால்
பட்டியல் இறங்கும். அதில் முதலாவதே
தட்டச்சுப் பிழை.
தேர்ந்தெடுத்தேன். யாரும் எதுவும் கேட்கவில்லை.

அவன் நோட்டின் நகல்கள் கோப்பில் இருந்தன.
ஒற்றைக்கொம்பு இடமிருந்து வலம் தாவியிருந்தது.
தாமிரபரணி
தாபரமிணியாக ஓடிக்கொண்டிருந்தது.
ஒவ்வொன்றைச் சுற்றியும் சிவப்பு வட்டம்.
ஒரு பக்கத்தில், வட்டம் போட்ட வேகத்தில்
தாளே கிழிந்திருந்தது,
நகலிலும் தெரிந்தது அந்தக் கிழிசல்.

மூன்று கையெழுத்துக்கு மூன்று மாடி.
நானே ஏறினேன்.
கடைசி அதிகாரி சாப்பிடப் போயிருந்தார்,
சாப்பிட்டுவிட்டு வந்து வேறு எங்கோ போயிருந்தார்.

புதுத் தாள் வந்தபோது மணி நாலரை.
அவன் தன் பெயரைப் பார்க்கவில்லை,
ஊரைப் பார்க்கவில்லை.
நேரே புள்ளிக்குப் போனான்.
அதற்குப் பின்னால் ஒரு தடவை,
சீட்டில் ஒரு தடவை,
மறுபடி தாளில்.
பிறகு அம்மாவிடம் கொடுத்தான்.

பிளாஸ்டிக் உறையில் அதைச் செருகிக்கொண்டே
பிரம்மசக்தி கேட்டாள்:
"இது போவுமாக்கா?"

தாளைத்தான் கேட்கிறாள் என்று எடுத்துக்கொண்டு
போகும் என்றேன்.