மூன்று லா

வசனம் பேசுமுன்
மாசிலாமணியின் மூக்கில் ஒரு சீழ்க்கை வரும்.
ஹெட்போன் மாட்டிய எனக்கு மட்டும் கேட்கும்.
பதினோரு படத்திலும் அதை வெட்டி எடுத்தது நான்தான்.

வட்டிக்கடைக்காரர். அடுத்த படத்தில் பால்காரர்.
அதற்கடுத்ததில் பங்களாக் காவலாளி;
கதாநாயகி ஓடிப்போகும் இரவில்
வாசலில் குறட்டை விட வேண்டும்.
தயாரிப்பாளர் நோட்டில் பெயர் இருக்காது,
‘கலா – ஒன்று’ என்றிருக்கும்,
‘மாட்டுவண்டி – இரண்டு’க்கு மேல் வரியில்.
அதற்கு எதிரே கையெழுத்துப் போட்டுக் கூலி வாங்குவார்
பர்மிய எழுத்தில், வட்டம் வட்டமாக,
கணக்குப்பிள்ளை பேனாவைத் திரும்பக் கேட்க மறந்துபோகும்படி.

பிறந்தது ரங்கூன் கம்பையில்.
பள்ளிக்கூடத்தில் பர்மியச் செய்யுள் ஒப்பித்துப் பரிசு வாங்கியவர்.
கேமரா ஓடும்போது மட்டும்
அந்த மொழியை அவர் உடைக்க வேண்டும்.

லா என்றால் வா.
தொண்டையில் சட்டென்று நறுக்கினால் அதே லா
நிலா. மாதமும் அதுதான்.
இழுத்து இறக்கினால் கேள்வி.
மாத வட்டி எங்கே என்று கேட்கிற இடத்தில்
வா வட்டி எங்கே என்பார்.
கொட்டகை சிரிக்கும்.
வெற்றிலைக் கடைக்காரன் ‘வா வட்டி’ என்று கூப்பிட்டு
காசு வாங்காமல் ஒரு சுருள் நீட்டுவான்.
வாங்கிக்கொள்வார். மெல்லுவார்.

ஒருநாள் கமாயுட்டில், ஒரு வீட்டு முற்றத்தில்,
கதாநாயகன் வாயில் பழைய சொல் ஒன்று நுழையவில்லை.
ஏழாவது தடவை. பிலிம் விலையை முணுமுணுக்கிறார் தயாரிப்பாளர்.
பால்குடத்தோடு நின்ற இடத்திலிருந்தே
மாசிலாமணி மெதுவாகச் சொல்லிக்கொடுத்தார்.
கதாநாயகன் சொன்னார், சரியாக வந்தது.
அடுத்த ஷாட் பால்காரருடையது.
உடைத்தார்.
யாரும் எதையும் யோசித்ததாகத் தெரியவில்லை.
மைக்கின் நிழல் சுவரில் விழக்கூடாதே என்பதுதான்
அப்போது என் கவலையும்.

அறுபத்துநாலில் அண்ணன் கப்பல் ஏறினார், மைத்துனர்கள் ஏறினார்கள்.
சென்னையில் சினிமா பெரிசு, வா என்று கடிதம் வந்தது.
“அங்கே என் தமிழைக் கேட்டுச் சிரிப்பாங்க.
இங்கேன்னா பழகிப்போச்சு” என்றார்.

பர்மியராக நடித்தது ஒரே தடவை.
பிணமாக.
வரவேண்டிய ஆள் தட்டோனில் ரயிலை விட்டுவிட்டான்.
முகத்தில் துணி. வெளியே தெரிகிற பாதங்களுக்குத்
தனக்கா பூசி நிறத்தைக் குறைத்தார்கள்,
கட்டைவிரல் இரண்டையும் நூலால் கட்டினார்கள்.
கதாநாயகி நெஞ்சில் விழுந்து அப்பா அப்பா என்று அழுதாள்.
ஹெட்போனில் பிணம் சீழ்க்கையடித்தது.
நான் சொல்லவில்லை.
துணியை விலக்கி எழுந்தவர்
“இன்னிக்கு ஒரு தப்பும் பண்ணலை” என்றார்.
பிறகு, பிணத்துக்கு இரட்டைக் கூலி என்று
இருட்டும்வரை சண்டை போட்டு வாங்கிக்கொண்டு போனார்.

படங்கள் இப்போது இல்லை.
எத்தனையோ மழைக்காலம், தகர டப்பாவுக்குள் பூஞ்சை,
திறந்தால் காடி வாசனை.
என்னிடம் ஒரு முழ நாடா இருக்கிறது, பிஸ்கட் டின்னில்.
என்ன ஞாபகத்திலோ ஒருமுறை
மாத வட்டி என்று சரியாகவே சொல்லிவிட்டார்.
வேண்டாம், கெடுத்துச் சொல்லு என்றார் டைரக்டர்.
வெட்டி எறிந்த துண்டை
எதற்கென்று தெரியாமல் சட்டைப்பையில் போட்டேன்.

இருபத்தொன்பதாம் தெருவில் ஒருவர்
ஓட்டிப் பார்க்கும் மிஷின் வைத்திருக்கிறாராம்.
நாற்பதாயிரம் சாட் கேட்கிறார்.
எனக்கோ இடக்காது போய்விட்டது,
வலக்காதில் ஏற்றமும் இறக்கமும்
ஒரே மட்டத்தில் விழுகின்றன.
பக்கத்து வீட்டுப் பிள்ளை லா என்று கத்தினால்
கூப்பிடுகிறதா, ஏதும் கேட்கிறதா,
மாடிக்கு மேல் நிலாவைக் காட்டுகிறதா,
தெரிவதில்லை.
எதற்கும் இருக்கட்டுமென்று
லோஞ்சியை இறுக்கிக்கொண்டு எழுந்து நிற்கிறேன்.