ஆவண எண் இருநூற்றுப் பதினேழு

உசிலம்பட்டி சார்பதிவாளர் ஆபீஸ் வாசலில்
எழுத்தர் கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு கேட்டார்:
"எவ்வளவுன்னு போடட்டும்?"
எவ்வளவு கொடுத்தீர்கள் என்று கேட்கவில்லை.
அவர் யாரிடமும் அதைக் கேட்டதில்லை.

சென்ட் ஒன்பதாயிரம் என்று பேசி
மஞ்சப்பையில் எண்ணிக் கொடுத்த காடு.
ஒரு ஏக்கர், செம்மண்,
நாற்பத்தொரு முருங்கை, மூலையில் கிணறு.
பத்திரத்தில் ஆயிரத்து எண்ணூறு.
முத்திரைத்தாளில் மிச்சம் பிடித்த காசுக்கு
கிணற்றில் புது மோட்டார் இறக்கினோம்.
அது பொய் என்றே எனக்குத் தோன்றவில்லை.
ஹெல்மெட்டை வண்டிக் கண்ணாடியில் மாட்டிக்கொண்டு
ஊரே போகிறது,
நாங்களும் போனோம்.

இரண்டாம் வருடம் புறவழிச்சாலை வந்தது,
முதலில் மஞ்சள் பெயிண்டாக, வரப்புக் கற்களில்.
பிறகு பள்ளிக்கூடத்தில்
ஏழாம் வாய்ப்பாடு அழிக்காத போர்டுக்குக் கீழே
தனி வட்டாட்சியர் படித்தார்:
"இக்கிராமத்தில் மூன்றாண்டில் பதிவான கிரயம் ஒன்றே ஒன்று.
ஆவண எண் இருநூற்றுப் பதினேழு.
வாங்கியவர் விருமாயி, கணவர் சடையாண்டி."
நாற்பத்து மூன்று குடும்பம்
என்னைத் திரும்பிப் பார்த்தது.

ஆறுதல் தொகை நூறு சதவீதம் என்றார்.
ஆறுதலுக்கும் ஒரு சதவீதம் உண்டென்று
அன்றுதான் தெரியும்.
பெருக்கி, கூட்டி, இன்னொரு தரம் பெருக்கியும்
நாலாயிரத்து ஐந்நூறில் நின்றது.

"ஒன் கையெழுத்துல என் காடு போச்சு" என்றார் மொக்கச்சாமி,
சத்தம் போடாமல்.
பால்காரர் அளவைக் குறைத்தது
என் பிரமையாக இருக்கலாம்.
சடையாண்டி சாப்பிடும்போது மட்டும் பேசினார்.
அதுவும் உப்பைப் பற்றி.

மதுரை வக்கீல் சொன்னார்:
"கூடுதலாக் கேட்டு வழக்குப் போடலாம்மா.
ஆனா நீங்க கூண்டுல ஏறி
பத்திரத்துல இருக்கது பொய்னு சொல்லணும்.
சொன்னா ஒங்களுக்கு அபராதம் வரும்.
சொல்லாட்டி ஊருக்கே இதான் வெல."

ஏறினேன்.
அரசு வக்கீல் சிரிக்காமல் கேட்டார்:
"அன்னைக்கு எழுதுனது பொய்.
இன்னைக்குச் சொல்றத மட்டும் எப்படி நம்புறது?"

பிள்ளையின் பழைய கணக்கு நோட்டைக் கொடுத்தேன்.
கடைசிப் பக்கம், சடையாண்டி கையெழுத்து:
காட்டுக்கு ஒன்பது லட்சம்.
தரகு பதினெட்டாயிரம்.
எழுத்தருக்கு மூவாயிரம்.
ஆபீசுக்கு ஐயாயிரம்.
டீ, வடை நூற்று நாற்பது.

நீதிபதி வடை வரைக்கும் படித்தார்.
திரும்ப மேலே போனவர்
ஒரு வரியில் நின்றார்,
எது என்று கூண்டிலிருந்து தெரியவில்லை.
"ஆவணி பதினாறு" என்றார்.

செக்கானூரணி தாண்டியதும்
பின் சீட்டிலிருந்து மொக்கச்சாமி எட்டிப் பார்த்தார்.
பள்ளிக்கூடத்துக்குப் பிறகு பேசும் முதல் பேச்சு.
"நெசமாவே ஒன்பதாயிரமா குடுத்தீக?
எங்கிட்டச் சொல்லியிருந்தா
எட்டுக்கு முடிச்சுத் தந்திருப்பேனே, தாயி."