ஒட்டுத்துணி

முதல் படத்தில் என் பெயர் தினேஷ் மிஸ்திரி.
தினாஸ் என்றுதான் எழுதிக் கொடுத்தேன்.
சாப்பாடு சப்ளை செய்தவருக்குக் கீழே,
ஜெனரேட்டர் வண்டிக்கு மேலே
ஒன்றரை விநாடி ஆணாக இருந்துவிட்டுப் போனேன்.
தாதர் பார்சி காலனியிலிருந்து வந்த பதினெட்டுப் பேரும்
தப்பாமல் கைதட்டினார்கள்.

பிறகு பதினாறு வருடம்.
எதையும் மூன்றாக வாங்கினேன்:
உலர்ந்தது ஒன்று, மழைக்கு ஒன்று, ரத்தத்துக்கு ஒன்று.
கதாநாயகன் ஒருமுறை குத்துப்பட
என் மேஜையில் ஒன்பது சட்டைகள் செத்தன.
சண்டைக்கென்றால் அக்குளில் ரகசியமாய் ஒரு முக்கோணத் துணி.
காதலென்றால் பொத்தானில் ஒரு தையல் குறைவு.
யாருக்கு எந்தத் தோள் இறங்கியிருக்கிறதென்று
பெற்றவளுக்குத் தெரியாது, எனக்குத் தெரியும்.

புதுத்துணி மலிவு.
பழையதுக்குத்தான் பணம் வேண்டும்.
தேயிலைத் தண்ணீர், உப்புத்தாள், படிகக்கல்,
மொட்டைமாடியில் நாலு நாள் வெயில்,
காலர் மடிப்பில் வெண்ணெயும் சாம்பலும்.
"ஏழைக்கு எதுக்கு இவ்வளவு பில்?"
என்பார் லாம்பா சாப்.
அத்தனையும் செய்தாலும் கேமரா கண்டுபிடித்துவிடும்
வெளுக்காமல் வெளுத்ததை.

அதனால்தான் வெர்சோவா போனேன்.
காலை ஏழு மணி, கருவாட்டுக் கொடிகளுக்கு நடுவே.
"கட்டியிருப்பதைக் கொடுங்கள்,
புதுசு ரெண்டு தருகிறேன்."
ஹௌசாபாய் சிரிக்கவில்லை.
செதில் ஒட்டிய விரலால் என் புதுசைக் கசக்கி
முகர்ந்து பார்த்து
"மூணு" என்றாள்.

ஒன்பது கஜம். பச்சை.
இடுப்பில் செருகிய இடத்தில் மட்டும்
வாங்கிய நாளின் பச்சை அப்படியே இருந்தது.
மற்றதையெல்லாம் கடற்கரை எடுத்துக்கொண்டிருந்தது.
முக்தியார் மாஸ்டர் விரித்துப் பார்த்துவிட்டு
மிஷினிலிருந்து காலை எடுத்தார்.
"இதுல நான் என்ன செய்ய?"

நான்தான் சொன்னேன்.
முழங்காலுக்கு மேலே ஒரு கிழிசல்.
அதன்மேல் ஒட்டு, வேறு நிறத்தில்,
கடைசி வரிசைக்கும் தெரிகிற மாதிரி.

ஒட்டுக்கு விருது கிடைத்தது.
மேடையில் முப்பது விநாடி கொடுத்தார்கள்.
பெயரைச் சரியாகச் சொன்னார்கள்.

மறுவாரம் ஸ்டூடியோ கேட்டில்
காவலாளியோடு ஒரு சண்டை.
கூடையை இறக்காமலே நின்றிருந்தாள்.
"மூணுல ஒண்ணு சாயம் போச்சு.
மருமக வெள்ளைப் பாவாடை மொத்தமும் ஊதா.
என்னோடதைக் குடு."

கோரேகாவ் கிடங்கு. இரும்பு அலமாரி.
அட்டையில் நாலாயிரத்து நூற்று இருபத்தேழு.
நாப்தலின் வாசனைக்கு அடியில்
இன்னும் நடிகையின் அத்தர்.
ஹௌசாபாய் முகத்தைச் சுளித்தாள்,
பிறகு முழம் முழமாய்த் தள்ளிக்கொண்டே வந்தாள்,
கணக்குப் பார்ப்பவள் போல.
விரல் நின்றது.

"இது யார் கிழிச்சது?"

காட்சிக்காக, என்றேன்.
கதையில் அவள் கஷ்டப்படுகிறாள், என்றேன்.
பாதி மராத்தியில், பாதி வாய்க்குள்.

"நான் கிழிஞ்சதைக் கட்டினதே இல்ல.
கிழிஞ்சதைக் கட்டிக்கிட்டு உக்காந்தா
எவ வாங்குவா மீனு?
அழுகினதுன்னு நினைப்பா."

கோபமாகக்கூடச் சொல்லவில்லை.
வியாபாரத்தைப் பற்றிச் சொன்னாள், அவ்வளவுதான்.

பல்லால் நூலைக் கடித்து
ஒட்டைப் பிரித்தாள்.
மாஸ்டரின் தையல் நன்றாக இருந்தது,
நேரம் பிடித்தது.
ஓட்டை பின்கச்சத்துக்குள் போகும்படி
சேலையை மடித்துப் பார்த்து
சரி என்று தலையசைத்துக்கொண்டாள்.
"இது உன்னோடது"
என்று துண்டுத் துணியை என் உள்ளங்கையில் வைத்துவிட்டு
ரயிலுக்கு நேரமாச்சென்று போய்விட்டாள்.

நாளைக்குக் காலை ஆறு மணிக்கு ஷூட்டிங்.
மேம்பாலத்தடி மக்கள், நாற்பது பேர்.
நாற்பது புதுச் சட்டைகள் மேஜைமேல்.
முக்தியார் மாஸ்டர் கத்தரியோடு நிற்கிறார்.
எங்கே வெட்டட்டும் மேடம், என்கிறார்.
டீ ஆறிவிட்டது.
இரண்டாம் முறையும் கேட்டுவிட்டார்.