படிவத்தில் பசுவுக்குக் கட்டமில்லை

இருநூற்றுப் பத்து மீட்டர் இறங்க
மின்தூக்கிக்கு நான்கு நிமிடம்.
மூன்றாவது நிமிடத்தில் காது அடைக்கும்.
எச்சில் விழுங்கிக்கொள், என்பான் ரைமோ,
நாள் தவறாமல்,
முதல் நாள் சொன்ன அதே அக்கறையோடு.

துத்தநாகம் தீர்ந்துபோன சுரங்கத்தில்
இப்போது நாங்கள் வெட்டியெடுப்பது குரல்களை.
இரத்தம் நிறுத்தும் மந்திரம், பல்வலி மந்திரம்,
கரடியைத் தூங்கவைப்பது, காற்றைக் கட்டுவது.
மெழுகு உருளையிலும் ஒலிநாடாவிலும்
பின்லாந்தின் வடகாடுகளில்
யார் யாரோ சொல்லிவைத்துப் போனவை.
ஏன் பாறைக்கடியில் என்று கேட்பார்கள்.
மேலே லாரி ஓடுகிறது, காற்று அடிக்கிறது.
அதைவிட,
மேலே கேட்கிறவர்கள் இருக்கிறார்கள்.

என் வேலை சுத்தம் செய்வது.
குரலில் ஒட்டிய இரைச்சலை
மீனில் முள் எடுப்பதுபோல் எடுப்பது.
அடுப்பில் விறகு வெடிப்பது, யாரோ இருமுவது,
நாற்காலி முனகுவது, ஒரு ஈ.
ஒன்பது ஆண்டில் ஆறாயிரம் மந்திரம்.
முள்ளே இல்லை.
ஒன்றும் பலிக்கவும் இல்லை.
இயக்குநர் ஹில்க்கா ஒவ்வொரு படிவத்திலும்
'விளைவு: இல்லை' என்று எழுதுவார்.
அழகான கையெழுத்து.

பிப்ரவரியில் ஒரு செவ்வாய், மின்சாரம் போயிற்று.
சும்மா இருக்கத் தெரியாத ரைமோ
கையால் முடுக்கும் பழைய பெட்டியில்
அகப்பட்ட உருளையை மாட்டினான்.
நான் தொடாத மூலம்.
மாடழைக்கும் கூவல், 1911, லெம்பி என்றொருத்தி.
ஊர்ப்பெயரைப் பூஞ்சை தின்றிருந்தது.

மழைபோன்ற இரைச்சலுக்குள்ளிருந்து குரல் ஏறியது.
ஏறி, வளைந்து,
உடையவேண்டிய இடத்தில் உடையாமல் நின்றது.
பின்னால் ஒரு வாளி உருண்டது.
ஒரு குழந்தை அழத் தொடங்கி
மனதை மாற்றிக்கொண்டது.
அவ்வளவுதான்.
இருட்டில் நாங்கள் மூவர்.

வாசல் காவலர் தவுனோ தொலைபேசியில் வந்தார்:
"கீழே யாராவது மாடு கேட்டீர்களா?"

நாற்பது கிலோமீட்டருக்குப் பண்ணை கிடையாது.
இடுப்பளவு பனி.
கொம்பில்லாத வெள்ளைப் பசு,
கழுத்தில் மரமணி, மடி கனத்து,
தாமதித்தது நாங்கள்தான் என்பதுபோல் பார்த்தது.
தடமே இல்லாமல் வந்தது என்று சொல்ல ஆசை.
தடம் இருந்தது.
தவுனோ அதைப் பிடித்துக்கொண்டே போய்
முகம் வெளுத்துத் திரும்பினார்.
ஏரியின் நடுவில்,
விரிசலில்லாத பனிக்கட்டியில்
தொடங்குகிறதாம் முதல் குளம்பு.

ஹில்க்கா படிவத்தை எடுத்தார். வைத்தார். எடுத்தார்.
'விளைவு'க்கு எதிரே பேனா நின்றது.
பசு கத்தியது.
முதலில் கறக்கவேண்டும், என்றார்.
ரைமோவுக்குத்தான் கறக்கத் தெரிந்தது.
ஏரிக்கு முதுகைக் காட்டிக் குந்தியவன்
கடைசிவரை திரும்பவில்லை.
காபித்தூள் டப்பாவில் நுரை பொங்கியது.
காய்ச்சாமலே குடித்தோம், ஆளுக்கொரு கோப்பை.
பூர்ச்சமரப் பட்டையின் வாசம்.
எனக்குத் தொண்டையில் இறங்கவில்லை.
எந்த இருமலில் இருந்ததோ,
எந்த ஈயில்.

மூலங்கள் எட்டாம் குகையில் அப்படியே இருக்கின்றன.
கீழ்த்தட்டில் ஒரு நாடா:
ஏரிக்குப் போய்த் திரும்பாதவரை அழைப்பது.
அதில் ஓரிடத்தில் அவள் பாட்டை நிறுத்துகிறாள்,
மூச்சைப் பிடித்துக்கொண்டு,
கேட்கிறவர் ஒரு பெயரைச் சொல்லும் அளவுக்கு.
வெற்றிடம் என்று நினைத்து
பிரதியில் அதை நான் வெட்டியிருந்தேன்.

நேற்று மின்தூக்கியில்
ரைமோ எச்சில் விழுங்கச் சொல்லவில்லை.
எட்டாம் குகைச் சாவி யாரிடம், என்று கேட்டான்.
மூன்றாவது நிமிடம்.
காது அடைத்ததுபோல் நின்றேன்,
சட்டைப்பையை
உள்ளங்கையால் மூடிக்கொண்டு.