இன்று சேர்ந்தவள்

மாதம் முதல் தேதி. பழைய கம்பெனி
பச்சைச் சட்டையைத் திருப்பிக் கேட்டது.
புதிய கம்பெனி மெரூன் தந்தது,
அக்குளில் பிடிக்கிற அளவில்.
ஐந்தாவது நிறம் இது எனக்கு,
இதே பினாங்கு ஆஸ்பத்திரியில்,
இதே ஏழாம் வார்டில்.

ஒப்படைப்பு கீழே, ஸ்டோர் வாசலில் நடந்தது.
வாளி நாற்பத்தொன்று. மாப்புக் கட்டை முப்பத்தாறு,
இரண்டுக்குக் கழுத்து முறிவு.
தரை தேய்க்கும் இயந்திரம் ஒன்று,
வயது ஆறு என்று எழுதி
தேய்மானம் கழித்து
இரு தரப்பும் கையெழுத்துப் போட்டார்கள்.

எங்களுக்குத் தனி மேசை.
லோகாம்பாள் த/பெ முனியாண்டி.
பணி ஆண்டு என்ற கட்டத்தில்
அந்தப் பையன் சைபர் போட்டான்,
அழகான வட்டம், வாய் நன்றாக மூடியிருந்தது.
பத்தொன்பது வருஷம் என்றேன்.
அதெல்லாம் மற்ற கம்பெனிங்க அக்கா, என்றான்,
கெட்டவனில்லை.
மூன்று மாதம் சோதனைக் காலம்,
ஆண்டு விடுமுறை எட்டு நாள்.
நேற்றுவரை அது பன்னிரண்டு.

ரொக்காயாவுக்கும் அதே வட்டம்.
அவள் முழங்கால் மட்டும்
பழைய கணக்கையே வைத்திருக்கிறது.

தரை அரசாங்கத்தினது. கட்டில்,
கட்டிலுக்கு மேல் சுற்றும் விசிறி, எல்லாம்.
என் கை மட்டும் கம்பெனியினது,
அதுவும் மூன்று வருஷத்துக்கு.

சங்கத்து அமலதாஸ் சொல்வார்:
ஜெனீவாவில் ஒரு தாள் இருக்கிறது, எண் தொண்ணூற்று நான்கு.
அரசாங்கப் பணத்தில் நடக்கிற வேலைக்கு
வட்டாரத்துக் கூலிக்குக் குறையக்கூடாதென்று
ஒப்பந்தத்திலேயே எழுதச் சொல்கிற தாள்.
எங்களுக்கு அவ்வளவுகூட வேண்டாம்,
ஒரு வரி போதும்:
யார் டெண்டர் எடுத்தாலும்
ஆளோடு வருஷமும் கூட வரவேண்டும்.
குறைத்துக் கேட்டவனுக்கே வேலை போகிறது;
எதைக் குறைத்தான் என்று
உறையைப் பிரித்தவர் யாரும் கேட்பதில்லை.
வாளி விலை இறங்குவதில்லையே.

பதினொரு மணிக்குப் பையன் வார்டுக்கு வந்தான்.
மாப்பை எட்டுப் போட்டு இழுக்கச் சொல்லிக்கொடுத்தான்.
இழுத்தேன்.
பதினான்காம் கட்டிலுக்கு அடியில் ஒரு கறையைக் காட்டி
அழுத்தித் தேய்க்கச் சொன்னான்.
அது கறையில்லை, தம்பி,
கல்லே அந்த நிறம்.
உடைந்ததை மாற்றியபோது
வேறு பெட்டிக் கல் வந்துவிட்டது.

உங்களுக்கு எப்படித் தெரியும் என்றான்.

எனக்கென்ன தெரியும், என்றேன்,
நான் இன்றுதானே சேர்ந்தேன்.